ஸ்டோரில் விரல்களை இழந்த அண்ணனிடம் இராஜினாமாக் கடிதம் கேட்கிறார்கள்: என்ன செய்யலாம்?

நோர்வூட் ஆசிரியை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நான் நோர்வூட் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் பிறந்து வளர்ந்து, இப்போது அரச பாடசாலையொன்றில் கற்பிக்கிறேன். என் அண்ணனுக்கு 43 வயது. அதே தோட்டத்தின் தேயிலைத் தொழிற்சாலையில், அதாவது ஸ்டோரில், 19 வருடங்களாகப் பெயர் பதிந்த தொழிலாளியாக இருக்கிறார். அண்ணி மலையில் கொழுந்து எடுக்கிறார். பிள்ளைகள் இருவரும் இன்னும் படிக்கிறார்கள்.

சில மாதங்களுக்கு முன்பு, இரவு வேலையின்போது, கொழுந்தை அரைக்கும் ரோட்டர்வேன் இயந்திரத்தின் வாயில் இலை அடைத்துக்கொண்டிருக்கிறது. அதைக் கையால் தள்ளிவிட முயன்றபோது அண்ணனின் வலது கை உள்ளே இழுபட்டு, பெருவிரல் தவிர்ந்த நான்கு விரல்களையும் அகற்ற வேண்டியதாயிற்று. அந்த வாய்க்கு ஒரு மூடித்தகடு உண்டு. வேலை தாமதமாகிறது என்பதால் அதைக் கழற்றிச் சுவரோரம் சாய்த்து வைத்திருப்பதுதான் அங்கு நெடுநாள் வழக்கம் என்று அவருடன் வேலை செய்வோர் சொல்கிறார்கள். அரசாங்க வைத்தியசாலையில் சத்திரசிகிச்சை நடந்தது. காயம் ஆறிவிட்டது, ஆனால் குளிர் காலையில் கையை மடக்கவே முடியவில்லை.

விபத்து நடந்த நாளிலிருந்து சம்பளம் இல்லை. தோட்டக் காரியாலயத்தில் இடையிடையே கொடுத்த பணத்தை முற்பணம் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். போன வாரம் அண்ணனை அழைத்து, "இனி உன்னால் ஸ்டோர் வேலை செய்ய முடியாது, விலகுவதாகக் கடிதம் கொடுத்தால் சேவைக்காலப் பணத்தையும் சேமலாப நிதியையும் உடனே எடுத்துத் தருகிறோம், உன் நிலைமைக்கு நிர்வாகம் செய்கிற உதவி இது" என்று சொல்லியிருக்கிறார்கள். கடிதத்தையும் அவர்களே தட்டச்சு செய்து வைத்திருந்தார்கள். அண்ணன் வீட்டில் கேட்டுவிட்டு வருவதாகச் சொல்லி வந்துவிட்டார்.

அவருக்கு ஆயுள் காப்புறுதி ஒன்றும் இருக்கிறது. சம்பள நாளில் தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்துக்கு வந்த முகவர் ஒருவரிடம் எடுத்தது, விபத்துக்கும் ஊனத்துக்கும் பாதுகாப்பு உண்டு என்று அப்போது சொல்லப்பட்டது. பத்திரம் முழுவதும் ஆங்கிலத்தில் இருக்கிறது. விபத்துக்குப் பின்னர் கட்டுப்பணம் கட்டவில்லை.

என் கேள்விகள் இவைதான். கடிதத்தில் கையொப்பமிடலாமா? கைக்கு நட்டஈடு என்று தனியாக ஏதும் உண்டா? வேலையை விட்டால் லயத்து வீடு என்னவாகும்? விபரம் அறிந்தவர்கள் சொன்னால் பேருதவியாக இருக்கும்.

பழைய சங்கக் கணக்கர் பதிலளித்தது:

சகோதரி, உங்கள் அண்ணன் கையொப்பமிடாமல் திரும்பி வந்தது நல்ல காரியம். அந்தக் கடிதத்தை இப்போதைக்குக் கொடுக்க வேண்டாம்.

தொழிற்சங்கக் காரியாலயத்தில் நீண்ட காலம் இருந்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: நிர்வாகம் உதவி என்று காட்டுகிற இரண்டும் உங்கள் அண்ணனின் சொந்தப் பணம். சேவைக்காலப் பணம் என்பது பணிக்கொடை. 1983 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கப் பணிக்கொடைச் சட்டத்தின்படி, 15 அல்லது அதற்கு மேற்பட்டோர் வேலை செய்யும் இடத்தில் 5 வருடங்களைப் பூர்த்தி செய்த எவரும், விலகினாலும் விலக்கப்பட்டாலும் ஓய்வு பெற்றாலும், ஒவ்வொரு வருடத்துக்கும் நாட்சம்பளக்காரர் என்றால் 14 நாட் சம்பளம் பெற உரித்துடையவர். 2024 இல் நிர்ணயித்த 1,350 ரூபாவை வைத்தே கணக்கிட்டாலும் 19 வருடங்களுக்கு 359,100 ரூபாய் வருகிறது. விரல்கள் பத்தும் இருந்து விலகியிருந்தாலும் இதே தொகைதான். சேமலாப நிதியோ, அவருடைய சம்பளத்தில் 8 சதவீதமும் நிர்வாகத்தின் 12 சதவீதமும் சேர்ந்து, 1958 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் அவர் பெயரில் வளர்ந்து வந்த சேமிப்பு. ஆக, அவர்கள் சொன்ன கணக்கில் போன கைக்கு ஒரு சதமும் இல்லை.

கைக்கான சட்டம் வேறு. 1934 ஆம் ஆண்டின் 19 ஆம் இலக்க வேலையாட்கள் நட்டஈட்டுக் கட்டளைச்சட்டம் என்று பெயர். வேலையின் காரணமாகவும் வேலை நேரத்திலும் ஏற்படும் விபத்துக்கு வேலை கொடுப்பவரே நட்டஈடு செலுத்த வேண்டும் என்பது அதன் அடிப்படை. அவர் கவனக்குறைவாக இருந்தார் என்று தொழிலாளி நிரூபிக்க வேண்டிய அவசியம் இல்லை. நிரந்தர முழு ஊனத்துக்கு ஒருவரின் சம்பள நிலைக்கேற்ப ஒரு தொகையும், பகுதி ஊனத்துக்கு உழைக்கும் திறனில் எத்தனை சதவீதம் இழக்கப்பட்டதோ அந்தத் தொகையில் அத்தனை சதவீதமும் கிடைக்கும். விரல்கள், கை, கால், கண் என்று உறுப்பு வாரியாகச் சதவீதங்கள் சட்டத்தின் அட்டவணையிலேயே உள்ளன. அட்டவணையில் அடங்காத காயம் என்றால் வைத்தியரின் மதிப்பீடு எடுக்கப்படும். உச்சத் தொகை நெடுங்காலம் 550,000 ரூபாவாக இருந்து, 2022 இல் செய்த திருத்தத்தால் 20 இலட்சமாக உயர்ந்தது. வேலைக்குப் போகும் வழியிலும் திரும்பும் வழியிலும் நடக்கும் விபத்துகளையும் அந்தத் திருத்தம் உள்ளே கொண்டுவந்தது.

காயம் ஆறும்வரை வேலை செய்ய முடியாதிருந்த காலம் தனிக் கணக்கு. அதற்கு அரைமாதத்துக்கு ஒருமுறை நட்டஈடு கொடுக்க வேண்டும். எனவே முற்பணம் என்று எழுதிய தொகைகளைக் கடனாக ஏற்று நீங்கள் எதிலும் கையொப்பமிட வேண்டாம். அந்தக் காலத்துக்கு அவருக்குச் சேர வேண்டியது எவ்வளவு என்று பார்த்த பிறகுதான் அந்தக் கணக்கைப் பேச வேண்டும்.

இனி மூடித்தகட்டு விவகாரம். உங்கள் வழக்கில் சண்டை வரப்போவது இங்கேதான் என்பதால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். தொழிலாளி குடிபோதையில் இருந்தாலோ, பாதுகாப்புக்கென வைத்த சாதனத்தை வேண்டுமென்றே அகற்றியிருந்தாலோ நட்டஈட்டுப் பொறுப்பிலிருந்து தப்பிக்க வேலை கொடுப்பவருக்கு ஒரு வாசல் இருக்கிறது. "தகட்டைக் கழற்றியது அவன்தான்" என்று ஒரு வரி விபத்து அறிக்கையில் ஏறிவிட்டால் பிறகு அதை அழிப்பது சிரமம். ஆனால் தகடு நாட்கணக்கில் சுவரோரம் கிடந்ததை ஸ்டோருக்குப் பொறுப்பான டீமேக்கரும் மேற்பார்வையாளரும் தினமும் பார்த்துக்கொண்டே வேலை வாங்கியிருந்தால், அது தொழிலாளியின் வேண்டுமென்ற செயல் ஆகாது. 1942 ஆம் ஆண்டின் 45 ஆம் இலக்கத் தொழிற்சாலைகள் கட்டளைச்சட்டம் ஆபத்தான இயந்திரப் பாகங்களுக்குக் காப்பு போட்டு வைத்திருக்கும் கடமையை நிர்வாகத்தின் மேல்தான் சுமத்துகிறது. மூன்று நாட்களுக்கு மேல் வேலைக்கு வரமுடியாத விபத்தைத் தொழிற்சாலைப் பரிசோதகருக்கு அறிவிக்க வேண்டியதும் நிர்வாகமே. அன்றைய இரவு யார் யார் வேலையில் இருந்தார்கள் என்று வேலைநாள் பதிவேடான செக்ரோலில் இருக்கும். அவர்களில் இரண்டு மூன்று பேரின் வாக்குமூலத்தை, திகதியும் நேரமும் இட்டு, இப்போதே எழுதி வாங்குங்கள். நாளாக நாளாக ஒருவர் கொழும்புக்குப் போய்விடுவார், இன்னொருவருக்கு நினைவு தடுமாறும், மற்றவரைத் தோட்ட முகாமையாளரான துரை கூப்பிட்டுப் பேசிவிடுவார்.

விபத்து பற்றி எழுத்தில் அறிவித்தல் கொடுங்கள். விபத்து நடந்து இரண்டு வருடங்களுக்குள் வேலையாட்கள் நட்டஈட்டு ஆணையாளரிடம் கோரிக்கை போய்ச்சேர வேண்டும். ஆணையாளரின் அலுவலகம் கொழும்பில் இருந்தாலும் ஹட்டன் தொழில் அலுவலகத்தில் முதலில் விசாரிக்கலாம். வைத்தியசாலையில் தந்த நோய் நிர்ணய அட்டை, கிளினிக் புத்தகம், எக்ஸ்ரே எல்லாவற்றுக்கும் பிரதி எடுத்து வைத்துக்கொண்டு, மூலப்பிரதியை எவர் கேட்டாலும் கொடுக்காதீர்கள்.

கடிதத்துக்கு வருகிறேன். 1971 ஆம் ஆண்டின் 45 ஆம் இலக்கச் சட்டப்படி, ஒழுக்காற்றுக் காரணம் தவிர வேறு காரணத்துக்காக ஒருவரை நிறுத்துவதென்றால் அவருடைய எழுத்துமூலச் சம்மதம் வேண்டும் அல்லது தொழில் ஆணையாளர் நாயகத்தின் அனுமதி வேண்டும். கை போய்விட்டது என்பது ஒழுக்காற்றுக் காரணம் அல்ல. அவர்கள் கடிதத்தைத் தட்டச்சு செய்து வைத்திருந்தது ஏன் என்பது இப்போது உங்களுக்கு விளங்கும்.

கொட்டகலை வாசகர் பதிலளித்தது:

மேலே ஐயா சொன்னதுடன் உடன்படுகிறேன். ஆனால் ஒன்று: வழக்கும் விசாரணையும் நடக்கிற காலத்தில் அடுப்பு எரிய வேண்டுமே. என் மாமா கவாத்து மலையில் விழுந்து ஒரு காலை இழந்தவர். அவருக்காக அலைந்ததில் தெரிந்துகொண்டவற்றைச் சொல்கிறேன்.

சேமலாப நிதியை "உடனே எடுத்துத் தருகிறோம்" என்பது அவ்வளவு இலகுவான காரியம் அல்ல. அதை எடுக்க ஆண்களுக்கு 55 வயதும் பெண்களுக்கு 50 வயதும் ஆக வேண்டும். அதற்கு முன் உடல்நிலை காரணமாக எடுப்பதென்றால் எந்த வேலையும் செய்ய முடியாத நிரந்தர முழு இயலாமை என்று வைத்தியர் சான்றளிக்க வேண்டும். ஒரு கை நன்றாக இருக்கும் 43 வயதுக்காரருக்கு அப்படி எழுதுவார்களா என்பது சந்தேகம். எழுதினாலும் யோசித்துப் பாருங்கள்: இங்கே முழுமையாக இயலாதவர் என்று சான்று வாங்கிக்கொண்டு, அதே மாதத்தில் தோட்டத்தில் இலகு வேலை கேட்க முடியாது. எந்தக் கதவை முதலில் தட்டுவது என்பதைக் குடும்பமாக உட்கார்ந்து தீர்மானித்துவிட்டுத்தான் வைத்தியரிடம் போக வேண்டும்.

1980 ஆம் ஆண்டின் 46 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் இயங்கும் ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதியைப் பலர் மறந்துவிடுகிறார்கள். நிர்வாகம் மட்டும் 3 சதவீதம் கட்டுகிற நிதி அது. அதன் அங்கத்தவர்களுக்கு நிரந்தர ஊனத்துக்கான நன்மைத் திட்டம் ஒன்றும் உண்டு. அதற்கும் முழு இயலாமை கேட்கப்படுவதால் உங்கள் அண்ணனுக்குப் பொருந்துமா என்பதை விண்ணப்பப் படிவத்தைப் படித்துப் பாருங்கள்.

பிரதேச செயலகத்தில் சமூக சேவை உத்தியோகத்தரைச் சந்திக்கத் தவற வேண்டாம். குறைந்த வருமானம் பெறும் மாற்றுத்திறனாளிகளுக்கான மாதாந்தக் கொடுப்பனவு 2025 வரவு செலவுத் திட்டத்தில் 7,500 இலிருந்து 10,000 ரூபாவாகக் கூட்டப்பட்டது. குடும்ப வருமானத்தைப் பார்த்துத்தான் தருவார்கள், எல்லோருக்கும் கிடைக்காது. ஆனாலும் கிராம உத்தியோகத்தரிடம் பெயரைப் பதிந்து வையுங்கள்.

பெயர் விவகாரத்தையும் பார்த்துக்கொள்ளுங்கள். எங்கள் மாமாவுக்குப் பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயர், அடையாள அட்டையில் ஆங்கில எழுத்து மாறிய இன்னொரு பெயர், தோட்டத்துப் பதிவில் வீட்டில் கூப்பிடுகிற பெயர். பணம் வருகிற நேரத்தில்தான் மூன்றும் மூன்று ஆட்கள் போல நின்றன. சமாதான நீதவான் முன் ஒரு சத்தியக்கடதாசி முடித்து வைத்தால் பின்னால் வரும் அலைச்சலில் பாதி குறையும். தோட்டத்தில் பிறந்தவர்களில் இந்தச் சிக்கல் இல்லாத குடும்பத்தை நான் பார்த்ததில்லை.

கைக்கு இன்னும் வைத்தியம் இருக்கிறது. கிளினிக் வைத்தியரிடம் கடிதம் வாங்கிக்கொண்டு கண்டிக்குப் பக்கத்தில் திகன புனர்வாழ்வு வைத்தியசாலையில் காட்டுங்கள். பெருவிரல் மிஞ்சியிருப்பது பெரிய விடயம். பயிற்சி கொடுத்தால் பிடிமானம் ஓரளவு திரும்பும்.

ஊவாக்காரன் பதிலளித்தது:

நான் சற்று வேறு விதமாகப் பார்க்கிறேன். எல்லா நிர்வாகங்களும் கெட்டவை அல்ல, எல்லா வழக்கையும் கடைசிவரை கொண்டுபோகத்தான் வேண்டும் என்பதும் இல்லை. தோட்டத் தலைவரையும் சங்கத்தின் மாவட்டப் பிரதிநிதியையும் வைத்துப் பேசினால் நியாயமான தொகைக்கு உடன்பாடு வரக்கூடும். ஆனால் அந்த உடன்பாடு ஆணையாளரிடம் பதியப்பட வேண்டும். தோட்டக் காரியாலய மேசையில் வெள்ளைத்தாளில் எழுதி, "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று வாங்குகிற கையொப்பத்துக்குச் சட்டத்தில் மதிப்பு இல்லை. இந்த உரிமையை ஒரு தாளில் எழுதிக் கைவிடவும் முடியாது.

பண்டாரவளை காப்புறுதியாளர் பதிலளித்தது:

காப்புறுதிப் பத்திரம் பற்றி எவரும் சொல்லாததால் எழுதுகிறேன். இத்துறையில் வேலை செய்கிறேன், எந்த நிறுவனத்தையும் சார்ந்து சொல்லவில்லை.

பத்திரத்தின் முதற்பக்கங்களில் உள்ள அட்டவணையில் என்னென்ன மேலதிக நன்மைகள் சேர்க்கப்பட்டுள்ளன என்று தொகையுடன் இருக்கும். முகவர் வாயால் சொன்னது எதுவும் கணக்கில் வராது, அந்த அட்டவணையில் இருப்பதுதான் வரும். நிரந்தர முழு ஊனம் என்ற நன்மை மட்டும் இருந்தால், இரு கைகள், இரு கண்கள் போன்ற இழப்பையோ எந்த வருமானம் தரும் வேலையும் செய்ய முடியாத நிலையையோ அது எதிர்பார்ப்பது வழக்கம். நான்கு விரல்கள் அதற்குள் அடங்குவது கடினம். விபத்து நன்மை தனியாகச் சேர்க்கப்பட்டிருந்தால் நிலைமை மாறும். அதில் பொதுவாகப் பகுதி ஊனத்துக்கும் உறுப்பு வாரியாகச் சதவீதங்கள் தருவார்கள், விரல்களுக்கும் இடம் இருக்கும். வைத்தியசாலையில் தங்கிய இரவுகளுக்கு நாட்கொடுப்பனவு உள்ளதா என்றும் பாருங்கள், பலர் அதைக் கேட்காமலே விட்டுவிடுகிறார்கள்.

கட்டுப்பணம் நின்றுபோனதால் எல்லாம் போய்விட்டது என்று எண்ண வேண்டாம். விபத்து நடந்த நாளில் பத்திரம் உயிருடன் இருந்ததா என்பதே கேள்வி. அன்றைக்கு இருந்திருந்தால், பின்னர் கட்டாமல் விட்டது அந்தக் கோரிக்கையைப் பாதிக்காது. பத்திரத்தை மீண்டும் உயிர்ப்பிப்பது வேறு விடயம், அதையும் தாமதிக்க வேண்டாம். உயிர்ப்பிக்கும் படிவத்தில் இப்போதைய உடல்நிலை பற்றிக் கேட்பார்கள். விபத்தை மறைக்காமல் எழுதுங்கள். மறைத்தது பிறகு தெரியவந்தால் ஆயுள் பாதுகாப்பையே மறுக்க இடம் கொடுத்ததாகிவிடும்.

அறிவிப்பதற்கான கால எல்லை பத்திரத்தில் இருக்கும். அது கடந்திருந்தாலும் தாமதத்தின் காரணத்தை எழுதி உடனே அனுப்புங்கள். மறுத்தால் மறுப்பை எழுத்தில் கேளுங்கள். பின்னர் காப்புறுதி முறைப்பாடுகளை விசாரிக்கும் ஒம்புட்ஸ்மனிடமோ இலங்கைக் காப்புறுதி ஒழுங்குபடுத்தல் ஆணைக்குழுவிடமோ முறையிடலாம்.

இன்னொன்று. நட்டஈட்டுப் பொறுப்புக்காகத் தோட்டக் கம்பனிகள் தாமும் காப்புறுதி எடுத்து வைப்பதுண்டு. "எங்கள் காப்புறுதி நிறுவனம் பணம் தரவில்லை, நாங்கள் என்ன செய்ய" என்று நிர்வாகம் சொன்னால் அது அவர்கள் இருவருக்கும் இடையிலான பிரச்சினை. உங்கள் அண்ணனுக்குக் கடன்பட்டிருப்பது வேலை கொடுத்தவர். அதேபோல, அண்ணன் தம் பணத்தில் கட்டிய பத்திரத்திலிருந்து கிடைப்பதைக் காட்டி நட்டஈட்டைக் குறைக்கவும் இடம் கொடுக்காதீர்கள்.

நோர்வூட் ஆசிரியை எழுதியது:

அனைவருக்கும் மிக்க நன்றி. பத்திரத்தைப் பிரித்துப் பார்த்தேன், விபத்து நன்மை தனியாக இருக்கிறது, விபத்து நடந்த மாதம் வரை கட்டுப்பணமும் கட்டப்பட்டிருக்கிறது. இரவு வேலையில் இருந்த இருவர் எழுதித்தரச் சம்மதித்திருக்கிறார்கள். ஒருவர் பயப்படுகிறார், அவரை வற்புறுத்தவில்லை.

அண்ணன் முழுமையாக வீட்டில் இருக்க விரும்பவில்லை. ஸ்டோரிலேயே கொழுந்து நிறுக்கும் இடத்திலோ காவலிலோ வேலை கொடுத்தால் செய்வேன் என்கிறார். அப்படிக் கேட்டால் நட்டஈடு குறைந்துவிடுமா? லயத்து வீட்டைப் பற்றியும் அண்ணி இரவும் பகலும் கேட்டுக்கொண்டிருக்கிறார். நிர்வாகத்துக்கு என்ன எழுதுவது?

பழைய சங்கக் கணக்கர் பதிலளித்தது:

வேலை கேட்பதால் நிரந்தரப் பகுதி ஊனத்துக்கான நட்டஈடு இல்லாமல் போகாது. விரல்கள் அட்டவணையில் உள்ள காயம் என்பதால் சதவீதம் அங்கேயே இருக்கிறது. அவர் வேலைக்குத் திரும்பிய நாளோடு அரைமாதக் கொடுப்பனவுதான் நின்றுவிடும். ஆகவே இலகு வேலையை மனதாரக் கேளுங்கள். என்ன வேலை, என்ன சம்பளம், செக்ரோலில் பெயர் தொடருமா என்ற மூன்றுக்கும் எழுத்தில் பதில் வாங்குங்கள். வாயால் சொன்ன இலகு வேலை அடுத்த துரை வந்ததும் மறைந்துவிடும்.

வீடு பற்றி உங்கள் அண்ணி கலங்க வேண்டாம். அவர் தோட்டத்தில் பெயர் பதிந்து வேலை செய்யும்வரை அந்தக் குடும்பம் தோட்டக் குடும்பம்தான். அதற்கு மேலும், நீதிமன்றக் கட்டளை இல்லாமல் சாமான்களை வெளியே போட எவருக்கும் அதிகாரம் இல்லை. அப்படி யாராவது மிரட்டினால் அன்றே பொலிஸில் முறைப்பாடு பதியுங்கள். வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணம் இல்லாவிட்டால் சட்ட உதவி ஆணைக்குழுவின் நுவரெலியா நிலையத்தில் வருமானத்தைக் காட்டி இலவச உதவி கேட்கலாம்.

கடிதத்தைச் சுருக்கமாக எழுதுங்கள். விபத்து நடந்த திகதி, நேரம், இயந்திரம், இழந்த விரல்கள். தாம் வேலையிலிருந்து விலகவில்லை என்றும், தமக்கு ஏற்ற வேலை தரும்படி கேட்கிறார் என்றும் ஒரு வரி. 1934 ஆம் ஆண்டின் கட்டளைச்சட்டத்தின் கீழ் நட்டஈடு கோருகிறார் என்று இன்னொரு வரி. தகட்டைப் பற்றியோ யார் குற்றம் என்பதைப் பற்றியோ இந்தக் கடிதத்தில் எதுவும் வேண்டாம், அதற்கு விசாரணை இருக்கிறது. அண்ணன் இடது கையால் கையொப்பமிடுவார் என்றால், கையொப்பம் மாறியதை சமாதான நீதவான் முன் உறுதிப்படுத்தி, அதே கையொப்பத்தை வங்கியிலும் பதியச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் காசோலை வரும் நாளில் சிக்கல். தோட்டக் காரியாலயத்தில் கொடுக்கும்போது பிரதியில் முத்திரையும் திகதியும் கேளுங்கள். மறுத்தால் வாக்குவாதம் வேண்டாம். நோர்வூட் தபாற்கந்தோரிலிருந்து பதிவுத் தபாலில் அனுப்பி, பற்றுச்சீட்டைக் கடிதப் பிரதியின் பின்புறத்தில் ஒட்டி வையுங்கள்.